நிலம் யாருக்கு என்று கேட்காத சட்டம்: திருமயம் முதல் 145 வரை

எங்கள் புதுக்கோட்டைப் பக்கத்துக் கிராமங்களில் "அந்த வயல்ல 145 போட்டிருக்காங்க" என்று சொன்னால் போதும், கேட்பவருக்கு மேலே விளக்கம் தேவைப்படாது. இரண்டு தரப்புக்குத் தகராறு, அடிதடி வரை போய்விட்டது, ஆர்.டி.ஓ. தலையிட்டிருக்கிறார், இப்போதைக்கு யாரும் வரப்பில் கால் வைக்க முடியாது என்று அவர்களே புரிந்துகொள்வார்கள். ஆனால் அந்த எண் எங்கிருந்து வந்தது, ஒரு சிவில் தகராறில் ஆர்.டி.ஓ.வுக்கு என்ன வேலை என்று கேட்டால் பலருக்கும் தெரிவதில்லை. வணிகவியல் படிக்கிற எங்களுக்கு ஒப்பந்தச் சட்டம், சரக்கு விற்பனைச் சட்டம் எல்லாம் பாடத்தில் உண்டு, இது கிடையாது. ஆகவே நானே தேடிப் படித்ததை இங்கே எழுதுகிறேன். கொஞ்சம் நீளமான பதிவு, பொறுத்துக்கொள்ளுங்கள்.

முதலில் ஒரு பழைய கதை

புதுக்கோட்டையிலிருந்து காரைக்குடி போகிற வழியில் திருமயம். கோட்டையைப் பார்த்திருப்பீர்கள், கிழவன் சேதுபதி கட்டியது. அந்த மலையடிவாரத்தில் ஒரே பாறையில் அருகருகே இரண்டு குடைவரைக் கோயில்கள் இருக்கின்றன. ஒன்று சத்தியகிரீஸ்வரர் என்ற சிவன் கோயில், மற்றது சத்தியமூர்த்திப் பெருமாள் கோயில். இரண்டு கோயிலாருக்கும் நிலங்களின் வருமானத்தைப் பங்கிடுவதில் நெடுநாள் பகை இருந்தது.

1245-ஆம் ஆண்டு அந்தப் பகை தீர்த்து வைக்கப்பட்டது. அப்போது இந்தப் பகுதியில் போசளர்களின் கை ஓங்கியிருந்தது. அவர்களுடைய அரசன் சோமேசுவரன், திருவரங்கத்துக்கு அருகில் கண்ணனூரில் இருந்து ஆண்டவன். அவனுடைய தண்டநாயகனான அப்பண்ணன் இரு தரப்பையும் ஒரே சபையில் உட்கார வைத்து உடன்பாடு செய்தான். வருமானத்துக்குப் பங்கு வகுத்தார்கள். இரண்டு கோயிலுக்கும் நடுவே ஒரு மதிலும் எழுப்பினார்கள். இந்தச் செய்தி கல்வெட்டாகவே இருக்கிறது.

இங்கே கவனிக்க வேண்டியது, தீர்த்து வைத்தவன் ஒரு படைத்தலைவன். தர்மசாஸ்திரம் படித்த நியாயாதிபதி அல்ல. சொத்துத் தகராறு முற்றி ஊர் அமைதிக்கே ஆபத்து என்று ஆகும்போது, 'யாருக்குச் சொந்தம்' என்று நிதானமாக விசாரிக்கிறவரை விட, 'முதலில் சண்டையை நிறுத்து' என்று சொல்லக்கூடிய அதிகாரம் உள்ளவர் முன்னால் வருகிறார். 145-வது பிரிவின் கருவும் இதுதான். நம் ஊரில் அது 780 வருடத்துப் பழக்கம் என்று வேண்டுமானாலும் சொல்லிக்கொள்ளலாம்.

ரோமிலும் இங்கிலாந்திலும்

இது நம் ஊர்ப் பிரச்சினை மட்டும் அல்ல. பழைய ரோமில் பிரேட்டர் என்ற நீதி அதிகாரி இருந்தார். ஒரு நிலத்துக்கு இருவர் அடித்துக்கொண்டால், உரிமை யாருக்கு என்பதற்குள் அவர் முதலில் நுழைய மாட்டார். இப்போது யார் கையில் இருக்கிறதோ அவர் கையிலேயே இருக்கட்டும் என்று தடை உத்தரவு போடுவார். அதற்கு ஒரு நிபந்தனை உண்டு. எதிராளியிடமிருந்து பலவந்தமாகவோ, ஒளிந்து மறைந்தோ, தயவில் கேட்டு வாங்கியோ அந்த நிலத்தைப் பிடித்திருக்கக் கூடாது. இந்த நிபந்தனையை ஞாபகத்தில் வையுங்கள், பின்னால் வேறு உடையில் திரும்ப வரும்.

இங்கிலாந்தில் 1381-இல் குடியானவர்களின் பெரிய கிளர்ச்சி நடந்தது. அதே ஆண்டில் அந்நாட்டு நாடாளுமன்றம் ஒரு சட்டம் போட்டது. ஒரு நிலத்துக்குள் நுழைய உனக்கு உரிமையே இருந்தாலும், ஆள் கூட்டிக்கொண்டு பலவந்தமாக நுழையக் கூடாது என்பது அதன் சாரம். 1429-இல் வந்த இன்னொரு சட்டம், பலவந்தமாக வெளியேற்றப்பட்டவரைத் திரும்ப உள்ளே வைக்கும் அதிகாரத்தை அமைதிக்கான நீதிபதிகளுக்குக் கொடுத்தது. அங்கே 1977-இல் இந்தப் பழைய சட்டங்களை எடுத்துவிட்டு வேறு சட்டம் கொண்டுவந்துவிட்டார்கள். நாமோ அந்தக் கருத்தை இன்னும் வைத்திருக்கிறோம்.

145 பிறந்த கதை

கம்பெனி ஆட்சியில் வங்காளத்து ஜமீன்தார்கள் லத்தியல்காரர்களை, அதாவது தடிக்காரக் கூலிப்படையை, வைத்துக்கொண்டு நிலத்தைப் பிடிப்பது சாதாரணம். சிவில் கோர்ட் தீர்ப்பு வருவதற்குள் அறுவடையே முடிந்துபோகும். ஆகவே 1840-ஆம் ஆண்டின் 4-வது சட்டம், பலவந்தமாக நிலத்திலிருந்து விரட்டப்பட்டவர்கள் விஷயத்தில் தலையிட மாஜிஸ்திரேட்டுகளுக்கு அதிகாரம் கொடுத்தது. பிறகு 1861-இல் முதல் குற்றவியல் நடைமுறைச் சட்டம் வந்தபோது இது அதில் 318-வது பிரிவு ஆனது. 1872 சட்டத்தில் 530. 1882 சட்டத்தில்தான் 145 என்ற எண் கிடைத்தது. அதன் பிறகு 1898-இல் புதுச் சட்டம், 1973-இல் இன்னொரு புதுச் சட்டம் என்று வந்தும் எண் மட்டும் மாறவில்லை. நம் தாத்தாக்கள் வாயிலும் அப்பாக்கள் வாயிலும் ஒரே எண் இருப்பதற்குக் காரணம் இதுதான்.

2024 ஜூலை 1 முதல் பாரதிய நாகரிக சுரக்ஷா சன்ஹிதா நடைமுறைக்கு வந்துவிட்டது. அதில் 145 என்பது 164 ஆகிவிட்டது. 146 என்பது 165. வழி, வாய்க்கால் போன்ற பயன்பாட்டு உரிமை பற்றிய 147 என்பது 166. உள்ளடக்கம் பெரும்பாலும் பழையதுதான். ஊர்வாயில் 145 போக இன்னும் ஒரு தலைமுறை ஆகும் என்று நினைக்கிறேன். நானும் இந்தப் பதிவில் பழைய எண்ணையே சொல்கிறேன்.

புதுக்கோட்டையின் தனிக் கதை

நம் மாவட்டத்தில் பெரும்பகுதி 1948 மார்ச் 3 வரை தொண்டைமான் சமஸ்தானம். தனி ராஜா, தனி திவான், தனி சீஃப் கோர்ட். இந்தியாவோடு இணைந்தபின் திருச்சி மாவட்டத்தில் சேர்ந்து, 1974 ஜனவரி 14-இல் தனி மாவட்டம் ஆனது.

சமஸ்தானத்தில் நிலம் இரண்டு விதமாகக் குழம்பிக் கிடந்தது. ஒன்று அமானி முறை. விளைச்சலை சர்க்காரும் குடியானவரும் பங்கு போட்டுக்கொள்வார்கள். சர்க்கார் ஆள் வந்து அளந்து பங்கு எடுக்காமல் களத்திலிருந்து நெல் நகராது. மற்றொன்று இனாம். படைச் சேவகம், கோயில் ஊழியம், கிராம ஊழியம் என்று பல காரணங்களுக்காக ராஜா விட்டுக்கொடுத்த நிலங்கள். நிலத்தோடு மரியாதையும் சேர்ந்தே வரும். கோயில் திருவிழாவில் முதல் மரியாதை யாருக்கு என்பதும் இனாம் நிலம் யாருக்கு என்பதும் பல இடங்களில் ஒரே கேள்வியாக இருந்தது. நிக்கலஸ் டர்க்ஸ் என்ற அமெரிக்க ஆய்வாளர் புதுக்கோட்டையைப் பற்றியே 1987-இல் ஒரு முழுப் புத்தகம் எழுதியிருக்கிறார். அதில் இந்த விஷயம்தான் மையம்.

1878-இல் திவானாக வந்த சேஷையா சாஸ்திரி அமானியை ஒழித்துப் பணமாகத் தீர்வை கட்டும் முறையைக் கொண்டுவந்தார். 1888-இல் இனாம் செட்டில்மெண்ட் நடந்தது. ஊழியத்துக்குப் பதிலாக ஒரு சிறு தீர்வை, அதற்கு ஈடாக நிலத்தின் மேல் உரிமை. கணக்கு எழுதுகிறவனுக்கு இது நல்ல சீர்திருத்தம். ஆனால் ஊழியத்தாலும் மரியாதையாலும் கட்டப்பட்டிருந்த ஒரு பொருள் காகிதத்தில் ஒருவர் பெயருக்கு மாறும்போது, பெயர் வராதவர் என்ன செய்வார்? அவர் நிலத்தில் நின்றுகொண்டே இருப்பார். ஒருவரிடம் காகிதம், இன்னொருவரிடம் நிலம் என்ற நிலைமை உண்டாகும். இந்த இடைவெளியில்தான் தகராறுகள் முளைக்கின்றன.

1980-களில் தமிழ்நாடு முழுக்க நடந்த நில உடைமை மேம்பாட்டுத் திட்டத்திலும் (யு.டி.ஆர். என்பார்கள்) பெயர் மாறிய, விட்டுப்போன பதிவுகள் இன்றைக்கும் தாலுகா ஆபீஸ்களில் மனுவாக வந்துகொண்டிருக்கின்றன.

145 எப்படி வேலை செய்கிறது?

சுருக்கமாகச் சொல்கிறேன்.

நிலம் அல்லது நீர் பற்றிய தகராறு இருக்கிறது, அதனால் அமைதி குலையலாம் என்று போலீஸ் அறிக்கை மூலமாகவோ வேறு வழியிலோ நிர்வாக நடுவருக்குத் தெரிய வேண்டும். நடைமுறையில் இது பெரும்பாலும் ஆர்.டி.ஓ. நம் மாவட்டத்தில் புதுக்கோட்டை, அறந்தாங்கி, இலுப்பூர் என மூன்று கோட்டங்கள்.

அவர் திருப்தியடைந்தால், காரணங்களை எழுதி ஒரு முதல்நிலை உத்தரவு போடுவார். இரு தரப்பும் வந்து, உண்மையில் அனுபவத்தில் இருப்பவர் யார் என்று எழுத்துமூலம் சொல்ல வேண்டும். உத்தரவின் ஒரு நகலைத் தகராறு நடக்கிற இடத்திலேயே பார்வையாக ஒட்ட வேண்டும். தகராறே இல்லை என்று யாராவது காட்டினால் உத்தரவை ரத்து செய்யவும் வழி இருக்கிறது.

'நிலம் அல்லது நீர்' என்பதற்குள் கட்டடம், சந்தை, மீன்பிடிப்பு, பயிர், விளைச்சல், வாடகை, வருமானம் எல்லாம் அடங்கும். திருமயத்துக் கோயில்களின் வருமானப் பங்குச் சண்டை இன்றைக்கு நடந்தால் அதுவும் இந்தப் பட்டியலுக்குள் வந்துவிடும்! அறுத்த கதிர் போல அழுகிப்போகிற பொருளாக இருந்தால், அதைப் பாதுகாக்கவோ விற்கவோ உத்தரவிடலாம்.

அடுத்ததுதான் முக்கியம். நடுவர் பார்க்க வேண்டியது ஒரே ஒரு கேள்வியை: உத்தரவு போட்ட தேதியில் அந்த இடம் யார் சுவாதீனத்தில் இருந்தது? யாருக்குச் சொந்தம், யாருக்கு உரிமை என்பதை அவர் தொடவே கூடாது. சட்டமே அப்படித்தான் சொல்கிறது.

அப்படியானால் நேற்று ராத்திரி ஆள் வைத்து வேலியைப் பிடுங்கி உள்ளே நுழைந்தவனுக்குத்தானே லாபம்? இல்லை. போலீஸ் அறிக்கை நடுவர் கைக்கு வருவதற்கு முந்தைய இரண்டு மாதத்துக்குள் ஒருவர் பலவந்தமாகவும் முறைகேடாகவும் வெளியேற்றப்பட்டிருந்தால், அவர்தான் சுவாதீனத்தில் இருந்ததாக வைத்துக்கொள்ளலாம். ரோமானியர்களின் 'பலவந்தமாக இல்லாமல்' என்ற நிபந்தனை இங்கே இரண்டு மாதக் கெடுவாக வந்து நிற்கிறது.

பம்பாயில் ஒரு அறையைப் பற்றிய வழக்கு 1968-இல் உச்ச நீதிமன்றம் வரை போனது. பூட்டானி வழக்கு என்பார்கள். வெளியேற்றியாகிவிட்டது, இனி என்ன கலவரம் வரப்போகிறது, 145 எதற்கு என்பது எதிர்த்தரப்பு வாதம். உச்ச நீதிமன்றம் அதை ஏற்கவில்லை. இரண்டு மாதத்துக்குள் நடந்திருந்தால் அந்த விதி பொருந்தும் என்றது. இல்லாவிட்டால் வேகமாக அடிப்பவனுக்கே சட்டம் துணைபோகும்.

முடிவில், சுவாதீனத்தில் இருந்தவரை 'முறையான சட்ட வழியில் வெளியேற்றப்படும் வரை இருக்கலாம்' என்று அறிவிப்பார்கள். யார் என்றே தெரியவில்லை, அல்லது அவசரம் என்றால் 146-இன்படி நிலத்தை ஜப்தி செய்து, தேவைப்பட்டால் ரிசீவரை வைப்பார்கள். இந்த உத்தரவுக்கு மேல்முறையீடு கிடையாது, சீராய்வு மனு உண்டு. 2004 ஜூலையிலிருந்து நம் மாவட்டத்துக்காரர்கள் உயர் நீதிமன்றம் என்றால் மதுரைக் கிளைக்குப் போனால் போதும்.

அனாமத்துக் கணக்கு

வணிகவியல் நண்பர்களுக்கு ஒரு உதாரணம். இருப்பாய்வு இரண்டு பக்கமும் ஒத்துப்போகவில்லை என்றால் என்ன செய்வோம்? வித்தியாசத்தை அனாமத்துக் கணக்கில் போட்டு வைப்போம். பிழையைக் கண்டுபிடித்ததும் அந்தக் கணக்கை முடிப்போம். 145-இன் கீழ் நடக்கிற ஜப்தி அப்படிப்பட்ட ஒரு அனாமத்துக் கணக்குதான். அது யாருக்கும் லாபமும் இல்லை, நஷ்டமும் இல்லை. பிழையைத் திருத்த வேண்டியது சிவில் நீதிமன்றம். 1901-இல் ஒரு வங்காள வழக்கில் லண்டன் பிரிவி கவுன்சிலும் இதையே சொன்னது: இவை அமைதி காக்கப் போடும் போலீஸ் உத்தரவுகள், உரிமையை முடிவு செய்பவை அல்ல.

ஆனால் அனாமத்துக் கணக்கை முடிக்காமலே வருடக்கணக்காகத் தள்ளிக்கொண்டு போனால்?

நாட்டிலேயே பெரிய உதாரணம் அயோத்தி. 1949 டிசம்பர் 22-ஆம் தேதி இரவில் பாபர் மசூதிக்குள் சிலைகள் வைக்கப்பட்டன. டிசம்பர் 29 அன்று கூடுதல் நகர மாஜிஸ்திரேட் 145-இன் கீழ் உத்தரவு போட்டு இடத்தை ஜப்தி செய்தார். நகராட்சித் தலைவர் ரிசீவராக நியமிக்கப்பட்டு 1950 ஜனவரி 5-இல் பொறுப்பு எடுத்தார். தற்காலிக ஏற்பாடு என்று தொடங்கியது. இறுதித் தீர்ப்பு வந்தது 2019 நவம்பர் 9. இடையில் 70 வருடம். அந்த மசூதியே 1992-இல் இடிக்கப்பட்டுவிட்டது.

அந்தத் தீர்ப்பில் சாதாரண மனிதர்களுக்கும் உதவுகிற ஒரு பாடம் உண்டு. நிர்மோகி அகாரா 1959-இல்தான் வழக்குப் போட்டது. மாஜிஸ்திரேட் 145 விசாரணையை முடிக்காமலே வைத்திருந்தார், ஆகவே எங்களுக்குக் காலக்கெடு ஓடவில்லை என்று வாதிட்டது. நீதிமன்றம் அதை ஏற்கவில்லை, வழக்கு காலம் கடந்தது என்று தள்ளியது. ஆர்.டி.ஓ. விசாரணை நடக்கிறதே என்று சும்மா உட்கார்ந்திருக்கக் கூடாது என்பதே இதன் பொருள்.

யாருக்குப் பலன், யாருக்குப் பாதகம்?

இந்தச் சட்டத்தின் எளிமை எனக்குப் பிடித்திருக்கிறது. அரிவாளைக் கீழே போடு, மற்றதைக் கோர்ட்டில் பேசிக்கொள் என்கிறது. அது உயிரைக் காப்பாற்றியிருக்கும். ஆனால் மூன்று இடங்களில் இடறுகிறது.

ஒன்று, 'அனுபவத்தில் இருந்தேன்' என்று நிரூபிப்பது. அடங்கலில் பெயர், தீர்வை ரசீது, மின் இணைப்பு உள்ளவருக்கு இது சுலபம். வாய்மொழி வாரத்துக்கு உழுகிறவருக்கும், தலைமுறையாக ஊழிய நிலத்தில் இருப்பவருக்கும், கணவர் இறந்தபின் தனியாகப் பயிர் செய்கிற பெண்ணுக்கும் அந்தக் காகிதம் இருக்காது. அக்கம்பக்கத்தார் சாட்சிதான் துணை. எதிர்த்தரப்பு ஊரில் பெரிய ஆள் என்றால் அந்தச் சாட்சியும் வராது.

இரண்டு, கெடு. இரண்டு மாதம் என்பது புகார் எழுதத் தெரிந்தவருக்குப் போதும். ஸ்டேஷனில் மனு வாங்காமல் 'பேசித் தீர்த்துக்குங்க' என்று திருப்பி அனுப்பினால் அறுபது நாள் எங்கே போயிற்று என்றே தெரியாது.

மூன்று, காலம். 1955-இல் ஒரு திருத்தம் வந்தது. பிரமாணப் பத்திரங்களை வைத்தே நடுவர் முடிவு செய்யலாம், முடியாவிட்டால் சிவில் கோர்ட்டின் கருத்தைக் கேட்கலாம் என்றது. வேகப்படுத்தத்தான் கொண்டுவந்தார்கள். 1973 சட்டம் இரண்டையும் எடுத்துவிட்டது. இப்போது சாட்சி விசாரணை உண்டு. அதை நடத்த வேண்டிய ஆர்.டி.ஓ.வுக்குத் தேர்தல், வறட்சி, நிலம் கையகப்படுத்துதல், ஜல்லிக்கட்டு அனுமதி என்று நூறு வேலை. ஜப்தியான நிலம் தரிசாகக் கிடக்கும். அதுவும் நம்மைப் போல மழையையும் கண்மாயையும் நம்பி ஒரு போகம் எடுக்கிற மாவட்டத்தில், ஒரு ஐப்பசி போனால் அந்த வருடமே போன மாதிரிதான். கடன் வட்டிக்கு ஜப்தி கிடையாது, அது ஓடிக்கொண்டேயிருக்கும்.

அதே நேரம், சிவில் வழக்கில் தோற்றுவிடுவோம் என்று பயந்து, போலீஸ் மூலம் 145 போட வைத்து எதிராளியை முடக்குகிறவர்களும் உண்டு. இதனால்தான் 1980-களில் ராம் சுமேர் பூரி மகந்த் வழக்கில் உச்ச நீதிமன்றம், சுவாதீனத்தைப் பற்றி ஏற்கனவே சிவில் வழக்கு நடக்கும்போது அதற்கு இணையாக 145 ஓட்டுவது சரியல்ல, பொது நேரம்தான் வீணாகும் என்றது.

தெரிந்து வைத்துக்கொள்ள

நம்மில் பலர் வீட்டில் நிலம் இருக்கிறது, அல்லது நிலத்தகராறு இருக்கிறது. ஆகவே கடைசியாகச் சில விஷயங்கள்.

பட்டா மட்டுமே சொத்துரிமைக்கு முடிவான ஆதாரம் ஆகாது என்று நீதிமன்றங்கள் பலமுறை சொல்லியிருக்கின்றன. ஆனால் சுவாதீனம் என்று வரும்போது அடங்கல், ரசீது போன்றவை கை கொடுக்கும். வருடா வருடம் எடுத்துப் பத்திரப்படுத்துங்கள்.

பலவந்தமாக வெளியேற்றப்பட்டால் உடனே எழுத்தில் புகார் கொடுத்து ரசீது வாங்குங்கள். இரண்டு மாதக் கணக்கு, உங்களை வெளியேற்றிய நாளுக்கும் தகவல் நடுவரைச் சேர்ந்த நாளுக்கும் நடுவில் உள்ளது. போலீஸ் அனுப்பாவிட்டால் நேரடியாக ஆர்.டி.ஓ.விடமும் கொடுக்கலாம். 'வேறு வழியில் கிடைத்த தகவல்' என்று சட்டத்திலேயே இடம் இருக்கிறது.

145-ஓடு நிற்காதீர்கள். 1963-ஆம் ஆண்டு குறித்தவகைத் தீர்வுச் சட்டத்தின் 6-வது பிரிவுப்படி, சட்டப்படி அல்லாமல் வெளியேற்றப்பட்டவர் ஆறு மாதத்துக்குள் சிவில் வழக்குப் போட்டு, உரிமையைப் பற்றி வாதாடாமலே நிலத்தைத் திரும்பப் பெறலாம் (அரசாங்கத்துக்கு எதிராக மட்டும் இது முடியாது). உரிமையே கேள்வி என்றால் அதற்குத் தனி வழக்கு.

திருமயத்தில் அப்பண்ணன் சண்டையை மட்டும் நிறுத்தவில்லை. பங்கையும் வகுத்தான், மதிலையும் கட்டினான், கல்லிலும் வெட்டி வைத்தான். ஒரே சபையில் எல்லாம் முடிந்தது. இன்றைய ஆர்.டி.ஓ.வுக்கு அந்த முழு அதிகாரம் இல்லை, இருக்கவும் கூடாது. உரிமையை முடிவு செய்ய நீதிமன்றம்தான் வேண்டும். ஆனால் முதல் பாதியை ஒருவரும் இரண்டாம் பாதியை இன்னொருவரும் செய்கிற ஏற்பாட்டில், இரண்டாம் பாதி இருபது வருடம் தாமதமானால் முதல் பாதிக்கு அர்த்தமே போய்விடுகிறது. 145-இல் என்ன திருத்தம் கொண்டுவரலாம் என்று யோசிப்பதை விட, முன்சீப் கோர்ட்டுகளில் நில வழக்குகளை எப்படி வேகமாக முடிப்பது என்று யோசிப்பதுதான் இந்தச் சட்டத்துக்கு நாம் செய்யக்கூடிய உதவி என்று எனக்குத் தோன்றுகிறது.